கம்பராய் நின்றவர்க்கு

செருகளத்தூர்ச் சாமா! தாளடி அறுத்தாயிற்று, களமும் தூற்றி ஓய்ந்தது. வைக்கோற்போர்மேல் மாசிப்பனி இறங்குகின்றது. இத்தகைய இரவுகளிலன்றோ சோணாட்டார் வண்டி பூட்டிக் கொட்டகைக்குச் சென்றனர். தரையில் மணல் கூட்டி அமர்ந்து திரையில் உம் முகம் கண்டனர்! இன்று நன்னிலத்துக் கடைத்தெருவில் உம் பெயர் சொல்லி வினவினேன். திரும்பிப் பார்ப்பார் ஒருவருமிலர்.

பாட்டுநாயகர் தியாகராஜ பாகவதரை அறிவர். அக்குரலை அறியாச் செவி ஈண்டு இல்லை. ஆயின் அக்குரலுக்கு எதிரே அசையாது நின்று, கேட்ட மாத்திரத்தாலே அதற்குப் பொருள் கூட்டிய முகமும் ஒன்று இருந்ததே, ஐய!

1937-இல் 'சிந்தாமணி'யில் கண்ணனாய் வந்தீர். அவ்வாண்டின் இறுதித் திங்களில் 'அம்பிகாபதி'யில் கம்பரானீர். தேரழுந்தூர் ஈங்கிருந்து ஒருபகல் வண்டிவழி. அவ்வூர்க் கவிச்சக்கரவர்த்திக்கு உடம்பு ஈந்தவர், பொன்னி நீர் குடித்து வளர்ந்த நீரே. இயக்கிய எல்லிஸ் ஆர். டங்கன் அமெரிக்கர், தமிழ் அறியார். கம்பனைச் சுமக்கும் பொறை முழுதும் உம் தோள்மேல் வீழ்ந்தது.

அக்கதையை நினைத்தொறும் நெஞ்சு இற்றுவிடுகின்றது. தன் மகள் அமராவதியைக் காதலித்த கம்பர் மகன் அம்பிகாபதிக்கு, சிற்றின்பம் கலவாப் பாட்டு நூறு பாடின் உயிர் உண்டு என்றான் சோழன். அமராவதி காப்புச் செய்யுளையும் கூட்டி எண்ணினாள். தொண்ணூற்றொன்பதில் நூறென மயங்கி முகம் காட்டினாள். கண்டவன் காதல் பாடினான், தலை வீழ்ந்தது. குறைந்தது ஒரு பாட்டு! பதினாயிரம் விருத்தம் பாடிய தந்தை, அவ்வொன்றை மகற்கு ஈயமாட்டாது நின்றான். மகனைப் பிரிந்து மாய்ந்த தயரதனைப் பாடிய நாவே அன்று சொல்லற்றது. அச்சொல்லின்மையை நடிக்க வேண்டியவர் நீர். கூத்தருள் இதனினும் அரிய பணி ஏற்றவர் யாவர்?

அந்நாளில் நன்னிலத்தை அடுத்த நல்லமாங்குடியில் இயக்குநர் கே. பாலசந்தர் ஏழாண்டுச் சிறுவர். பாத்திரங்களையே படத்தின் நடுவே நிறுத்தும் கலை பின்னாளில் அவர் கையில் விளைந்தது. அதற்கு விதைநெல் நும்போல்வார் முகங்களே என்பேன்.

1940-இல் 'சகுந்தலை'. வளர்த்த மகளை வழியனுப்பும் கண்வர் நீர், மகள் எம். எஸ். சுப்புலட்சுமி. 1945-இல் 'மீரா'. ஆண்டும் அவரை உலகு காண, நீர் ரூபகோசுவாமியாய் அருகே நின்றீர். தந்தையாவீர், முனிவராவீர், தெய்வமுமாவீர்.

அக்காலத்துப் படச்சுருள் தீப்பற்றும் இயல்பினது; பற்றாதது சிதைந்து பொடியாம். எத்துணை முகங்கள் அவ்வாறு போயின! சாமா என்பது தாயும் தமக்கையும் அடுக்களையிலிருந்து அழைக்கும் பெயர். அப்பெயரை ஊர்ப்பெயரோடு சேர்த்துத் தமிழகம் எங்கும் கொண்டு சென்றீர். இன்று அடுக்களையிலும் அப்பெயர் அருகிற்று.

சோழன் கோச்செங்கணான் எடுத்த நன்னிலத்து மாடக்கோயிற் படிகளில் ஏறினேன். தேவர்கள் தேனீயாய் வந்து வழிபட்டனர் என்பர் மதுவனம் எனும் இத்தலத்தில். உச்சியில் நின்று உம் பெயரை இன்னொருகால் அழைத்தேன். கீழே தாள் மட்டும் நின்ற வயல்கள் இருண்டு கிடந்தன.