கல்லில் ஒட்டிய சிப்பியும் தட்டில் வந்த சிப்பியும்

கருத்தரங்குக்கு வரும் வெளியூர்ப் பேராளர்களை ஓர் அரைநாள் விழிஞ்ஞத்தில் நடத்திக் காட்ட வேண்டும் என்பது நெறியாளர் அவளிடம் ஒப்படைத்த பணி. திருவனந்தபுரத்தில் தமிழில் முனைவர் பட்டத்துக்கு ஆய்ந்து வருபவள். கன்னியாகுமரி மாவட்டத்தின் மேற்குக் கடற்கரையில் பிறந்தவள். ஊர் வரலாறும் ஊர் உணவும் ஒரே நடையில் அமைய வேண்டும், ஐந்து இடங்கள் போதும், மதிய உணவோடு முடிய வேண்டும் என்று அவளுக்குச் சொல்லப்பட்டிருந்தது. முன்மாதிரியாக நெறியாளர் எடுத்துக்காட்டியது ஜப்பானின் நாகசாகி நகரம்.

நாகசாகியின் கதை ஆய்வு மாணவர் அறிய வேண்டியதே. 2006இல் அந்நகரம் ஒரு பெருங்கண்காட்சியை நடத்தியது. அதற்கென அரங்கு எழுப்பவில்லை, தெருக்களையே அரங்காக்கியது. வழித்தடங்களை வகுத்து, ஊர்வாசிகளையே வழிகாட்டிகளாக்கி, வந்தவர்களை நடக்க வைத்தது. அதற்கு இட்ட பெயர் ‘சருகு’ எனத் தமிழ்ச் செவிக்குக் கேட்கும்; நாகசாகி வட்டார வழக்கில் அதற்குச் சுற்றித் திரிதல் என்று பொருள். 1571இல் போர்த்துகீசியருக்குத் திறந்த துறைமுகம் அது. பின்னர் டச்சு வணிகர் தெஜிமா என்ற செயற்கைத் தீவுக்குள் அடக்கி வைக்கப்பட்டிருந்த இடமும் அதுவே. அங்கு நடப்பவர் உண்ணும் கஸ்தெல்லா என்னும் மென்கேக் போர்த்துகீசியர் விட்டுச் சென்றது. சாம்போன் என்னும் நூடுல்ஸ் உணவு, 1899இல் அங்கு உணவகம் தொடங்கிய சீனர் ஒருவர் சீன மாணவர்களுக்காகச் சமைத்தது என்பர். தட்டைப் பார்த்தே துறைமுகத்தின் வரலாற்றைச் சொல்லிவிடலாம் என்ற நம்பிக்கையின் மேல் எழுந்த நடை அது.

விழிஞ்ஞத்துக்கும் ஜப்பானுக்கும் நேரடியான ஒரு நூலிழையும் உண்டு. 1544இன் இறுதியில் திருவிதாங்கூர்க் கடற்கரையின் முக்குவர் ஊர்களில் திருமுழுக்கு அளித்துச் சென்ற பிரான்சிஸ் சவேரியார்தாம் 1549 ஆகஸ்டில் ககோஷிமாவில் கரையிறங்கினார். அடுத்த ஆண்டு இன்றைய நாகசாகி மாவட்டத்தைச் சேர்ந்த ஹிராதோவுக்கும் சென்றார். நெறியாளர் இந்தச் செய்தியை மிகவும் விரும்பினார். நடையின் முதல் வாக்கியமாக இதையே வைத்துக்கொள்ளலாம் என்றார்.

அவள் ஐந்து இடங்களை எளிதில் தேர்ந்துவிட்டாள். முதலாவது, குடைவரைக் கோயில். 8ஆம் நூற்றாண்டினது எனக் கருதப்படும் சிறிய குடைவரை அது. உள்ளே வீணை ஏந்திய தட்சிணாமூர்த்தி. வெளிச்சுவரில் சிவனும் பார்வதியும், முற்றுப்பெறாத புடைப்புகளாக. அங்கு நின்று ஆய் அரசர்களைச் சொல்ல வேண்டும். 866இல் வெளியிடப்பட்ட பார்த்திவபுரச் செப்பேட்டின் கருநந்தடக்கனும் அவனுக்குப் பின் வந்த விக்கிரமாதித்த வரகுணனும் இந்தக் கரையோடு தொடர்புடையவர்கள். பாண்டியன் நெடுஞ்சடையன் விழிஞ்ஞத்தை வென்றதைச் சீவரமங்கலச் செப்பேடு கூறும். கடலையே அகழியாகக் கொண்ட ஊர் என்று திருவாலங்காட்டுச் செப்பேடு இதனைக் குறிக்கும். கலிங்கத்துப்பரணியிலும் இவ்வூரின் அழிவு பேசப்படும். சோழர் காலத்தில் இராசேந்திர சோழப் பட்டினம் என்ற பெயரும் இதற்கு வழங்கியது. தமிழ் மாணவர் தம் பாடத்தில் படித்த ஊர்தான் இது. ஆனால் பலரும் இதனை இன்னொரு மொழியின் ஊர் என்றே எண்ணியிருப்பர்.

இரண்டாவது, கோட்டை இருந்த மேடு. கேரளப் பல்கலைக்கழகத் தொல்லியல் துறையினரின் அகழாய்வில் கோட்டைச் சுவரின் எச்சங்களோடு மேற்காசியச் சாடிகளின் உடைசல்களும் நீலப்பச்சை மெருகுப் பானை ஓடுகளும் மத்தியதரைக்கடற் பகுதியின் ஆம்போரா ஓடுகளும் கிடைத்தன. மூன்றாவது, பள்ளிவாசல். நான்காவது, கடற்பயணத்துக்குத் துணை நிற்கும் மாதாவின் கோயில். ஐந்தாவது, மீன்பிடித் துறைமுகத்தை ஒட்டிய உணவகம்.

மூன்றாம் இடத்துக்கும் நான்காம் இடத்துக்கும் இடையே நடந்தால் சில நிமிடங்கள்தாம். ஆனால் அந்தச் சில நிமிடங்களில் ஒரு கோடு கடக்கப்படுகிறது. துறைமுகத்தின் ஒரு புறம் இசுலாமிய மீனவரின் குடியிருப்பு. மறுபுறம் இலத்தீன் கத்தோலிக்கரான முக்குவரின் குடியிருப்பு. கடந்த காலத்தில் இவ்விரு கரைகளுக்குமிடையே மோதல்கள் நிகழ்ந்துள்ளன. வழிகாட்டியின் பின்னால் வரும் விருந்தினர் குடையைப் பிடித்துக்கொண்டு எளிதாகக் கடக்கும் அந்தக் கோட்டை, அங்கேயே வாழ்பவர் அத்தனை எளிதாகக் கடந்ததில்லை. நடையின் குறிப்பேட்டில் இதனை ‘மத நல்லிணக்கத்தின் எடுத்துக்காட்டு’ என்று முதலில் எழுதியிருந்தாள். பிறகு அடித்துவிட்டு, ‘அருகருகே வாழும் இரு கரைகள்’ என்று மாற்றினாள்.

உணவைப் பற்றி எழுதுவதுதான் அவளுக்கு மிகவும் இன்பமாக இருந்தது. மரச்சீனிக் கிழங்கும் மீனும் இக்கரையின் அன்றாட உணவு. ஆனால் மரச்சீனி தென் அமெரிக்கச் செடி. 1880 முதல் 1885 வரை திருவிதாங்கூரை ஆண்ட விசாகம் திருநாள் அதன் பயிரிடுதலை ஊக்குவித்தார். மீன்குழம்பில் சிவக்கும் மிளகாயும் அமெரிக்கக் கண்டத்திலிருந்து போர்த்துகீசியர் வழி வந்தது. மலையாளத்தில் நிலக்கடலைக்குக் ‘கப்பலண்டி’ என்றும், வற்றல் மிளகாய்க்குச் சில பகுதிகளில் ‘கப்பல் முளகு’ என்றும், முந்திரி மரத்துக்குப் ‘பறங்கிமாவு’ என்றும் பெயர் உண்டு. பொருள் எப்படி வந்தது என்பதைப் பெயரே சொல்லிக்கொண்டிருக்கிறது. கஸ்தெல்லாவுக்கு இணையாக இவற்றை வைக்கலாம் என்று அவள் எண்ணினாள். இவற்றுக்கெல்லாம் முடிவாக விழிஞ்ஞத்துச் சிப்பி. சிப்பி மட்டும் கப்பலில் வந்ததன்று. இந்தக் கல்லிலேயே பிறந்து வளர்வது. ‘வந்த உணவுகளின் நடுவே இருந்த உணவு’ என்று அந்தப் பத்திக்குத் தலைப்பிட்டாள்.

ஒத்திகைக்காக ஒருநாள் வழியை முழுதும் நடந்து பார்த்தாள். களப்பணியின்போது அறிமுகமாகியிருந்த முதியவர் ஒருவரையும் துணைக்கு அழைத்திருந்தாள். ஏறத்தாழ ஐம்பது ஆண்டுகள் சிப்பி பறித்தவர். மூச்சைப் பிடித்துக்கொண்டு மூழ்கி, இடுப்பில் கட்டிய வலைப்பையோடு பாறையடியில் நின்று, இரும்பு உளியால் சிப்பியைக் கொத்தி எடுப்பதே அத்தொழில். குடைவரைக்கு அவர் வரவில்லை. கடைசி இடத்துக்கு மட்டும் வந்து சேர்ந்தார்.

உணவகத்தில் சிப்பி வறுவல் வந்தது. தேங்காய்க்கொத்தும் கறிவேப்பிலையும் கலந்து நன்றாகவே இருந்தது. அழகுக்காகத் தட்டின் ஓரத்தில் இரண்டு ஓடுகளையும் வைத்திருந்தார்கள். முதியவர் ஓர் ஓட்டை எடுத்து ஒளியில் திருப்பிப் பார்த்தார். ஓரத்தில் பச்சை ஓடியிருந்தது.

“இது நம்ம கல்லுல உள்ளது இல்ல, மோளே.”

“இங்கயும் பச்சை கிடைக்குமே, மாமா?”

“ஒண்ணு ரெண்டு கிடைக்கும். தட்டு நிறைய கிடைக்காது. நம்மளுது தவிட்டு நிறம்.”

அவர் சொன்னது விலங்கியல் நூல்களோடு பொருந்துவதே. கொல்லத்துக்குத் தெற்கே கன்னியாகுமரி வரையுள்ள பாறைக்கரையில் மிகுதியாகக் காணப்படுவது பெர்னா இண்டிகா எனப்படும் பழுப்புச் சிப்பி. வடக்கே செல்லச் செல்லப் பச்சைச் சிப்பி மிகும்; கேரளத்தின் வடகோடிக் காயல்களில் அதனைக் கயிற்றில் வளர்த்தும் எடுக்கிறார்கள். பரிமாறிய பையனிடம் அவள் கேட்டாள். வண்டியில் வருவது என்றான். எங்கிருந்து என்று அவனுக்குத் தெரியவில்லை. இருந்த உணவு என்று அவள் எழுதி வைத்திருந்தது வந்த உணவாகிவிட்டது.

பழுப்புச் சிப்பி எங்கே போயிற்று என்ற கேள்விக்கு ஒற்றை விடை இல்லை. மத்திய கடல் மீன்வள ஆராய்ச்சி நிறுவனத்தின் விழிஞ்ஞம் மையம் 1970களிலேயே இங்குச் சிப்பியை மிதவைகளில் வளர்த்துப் பார்த்தது. அந்த அளவுக்கு இக்கரை சிப்பிக்குப் பெயர் பெற்றிருந்தது. 2015 டிசம்பரில் பன்னாட்டுத் துறைமுகத்தின் கட்டுமானம் தொடங்கியது. ஏறத்தாழ 3 கி.மீ. நீளத்துக்குக் கடலுக்குள் அலைத்தடுப்புச் சுவர் எழுந்தது. வாழ்வாதார இழப்பீடு பெற்றோர் பட்டியலில் சிப்பித் தொழிலாளர்களும் இடம்பெற்றனர். கரையரிப்பையும் மறுவாழ்வையும் முன்வைத்து 2022இல் நூறு நாட்களுக்கும் மேலாக மீனவர் போராட்டம் நீடித்தது. 2024 ஜூலையில் சான் பெர்னாண்டோ என்ற முதல் பெருங்கப்பல் வந்தது. 2025 மே 2 அன்று துறைமுகம் நாட்டுக்கு அர்ப்பணிக்கப்பட்டது. அதே மாதம் 25ஆம் நாள், விழிஞ்ஞத்திலிருந்து புறப்பட்டுக் கொச்சிக்குச் சென்ற எம்.எஸ்.சி. எல்சா 3 மூழ்கியது. அதிலிருந்து சிதறிய நெகிழிக் குருணைகள் திருவனந்தபுரக் கரையிலும் ஒதுங்கின.

துறைமுகத்தால் வேலை கிடைத்தவர்களும் இந்த ஊரில் இருக்கிறார்கள். முதியவரின் பேரனே சரக்குப்பெட்டி வளாகத்துக்குள் வேலைக்குப் போகிறான். ஆகவே அவர் பேச்சில் புலம்பல் இல்லை. அவருக்கு இருந்த குறை வேறு. அவளுடைய வழித்தட வரைபடத்தை விரித்து வைத்துக்கொண்டு அவர் கேட்டார்: “எல்லாம் கரையில்தானே இருக்கு. கடல் எங்க?”

கணியம் பற்றி அவர் சொன்னது அப்போதுதான். கடலுக்கடியில் உள்ள பாறைத்திட்டைப் ‘பார்’ என்பர். கருவி ஏதுமின்றி ஒரு பாரைக் கண்டடைய, கரையில் உள்ள இரண்டு அடையாளங்களை ஒன்றன்பின் ஒன்றாக நேர்கோட்டில் நிறுத்துவர். வேறொரு திசையில் இன்னும் இரண்டை நிறுத்துவர். இரண்டு கோடுகளும் வெட்டும் இடத்தில் பார் இருக்கும். மலை, தென்னந்தோப்பு, கலங்கரை விளக்கம், கோயிற் கோபுரம், பள்ளிவாசல் மினார் யாவும் இதற்குப் பயன்படும்.

“கரையில நின்னு பார்த்தா கோயில் வேற, பள்ளி வேற. கடல்ல நின்னா ரெண்டும் ஒரே கணக்குல வரும்” என்றார். சற்றுப் பொறுத்து, “இப்போ கிரேனையும் சேர்த்துத்தான் கணக்கு. வேற வழி இல்லையே” என்றும் சொன்னார்.

அன்றிரவு அவள் வழித்தடத்தைத் தலைகீழாக மாற்றினாள். விடியற்காலை மீன் ஏலத்தில் நடை தொடங்கும். அங்கு எதனை ஏலத்தில் எடுக்க முடிகிறதோ, சாளையோ நெத்திலியோ முன்பு யாரும் சீந்தாத கிளாத்தியோ, அதுவே மரச்சீனியோடு மதிய உணவாகும். அலைத்தடுப்புச் சுவரைப் பார்த்து நின்று முதியவர் கணியத்தை விளக்குவார். சவேரியாரும் செப்பேடுகளும் அதற்குப் பிறகே. குடைவரை கடைசி இடம். உணவுப் பட்டியலிலிருந்து ‘விழிஞ்ஞத்துச் சிப்பி’ நீக்கப்பட்டது. அந்தப் பத்தியில், இன்று இங்கு உண்ணக் கிடைக்கும் சிப்பி பெரும்பாலும் இக்கல்லினதன்று என்ற ஒரு வாக்கியம் மட்டும் எஞ்சியது.

நெறியாளர் இதனை உடனே ஏற்கவில்லை. விடியலில் பேராளர் எழுந்து வரமாட்டார்கள் என்றார். சவேரியாரை முதலில் சொன்னால்தான் கவனம் கிட்டும் என்றார். இரண்டும் நியாயமான கவலைகளே. அவள் ஒன்றை மட்டும் விட்டுக்கொடுக்கவில்லை. முதியவரின் பெயர் ‘தகவலாளி’ என்று அடிக்குறிப்பில் போகக் கூடாது, வழிகாட்டி என்ற நிலையில் மதிப்பூதியம் பெற வேண்டும் என்றாள். அதற்குரிய படிவத்தில் கல்வித்தகுதி, பதவி, பணிபுரியும் நிறுவனம் என்று மூன்று கட்டங்கள் இருந்தன. மூன்றையும் நிரப்பாமல் பணம் விடுவிக்க இயலாது என்றது அலுவலகம். படிவம் இருமுறை திரும்பி வந்தது. மூன்றாம் முறை, பதவி என்ற கட்டத்தில் ‘சிப்பித் தொழிலாளர், ஐம்பது ஆண்டு’ என்று எழுதி நெறியாளரே கையொப்பமிட்டு அனுப்பினார். நாகசாகி தன் ஊர்வாசிகளை வழிகாட்டிகளாக ஏற்ற செய்தி இங்கு ஒரு படிவத்தின் கட்டத்துக்குள் நுழைய ஒரு மாதம் பிடித்தது.

நடை நடந்தது. நாற்பது பேரில் விடியலில் வந்தவர்கள் பதினொருவர். ஏலக்காரரின் வேகத்தைப் பின்தொடர முடியாமல் அவர்கள் சிரித்தார்கள்; மீன்நீர் தெறித்ததில் ஒருவர் முகம் சுளித்தார். மதியம் கிளாத்திக் குழம்பு போதவில்லை. கணியம் விளக்கப்பட்டபோது எல்லாரும் கைப்பேசியைத் தாழ்த்திக் கடலைப் பார்த்தார்கள். கரையில் நிற்பவர்க்கு அந்தக் கணக்கு தெரியாது என்பதையும் முதியவரே சொல்லிவிட்டார்.

கடைசியாகக் குடைவரை. அத்தனை அருகில் வாழ்ந்தும் அன்றுதான் அவர் முதன்முறையாக அங்கு வந்தார். செப்பேட்டுச் செய்திகளை அவள் சொல்லிக்கொண்டிருந்தபோது அவர் கேட்கவில்லை. முற்றுப்பெறாத சிற்பத்தின் அருகே போய்ப் பாறையைத் தொட்டார், பிறகு விரல் மூட்டால் தட்டிப் பார்த்தார்.

“நல்ல கல்லு. பழுது ஒண்ணும் இல்ல. பிறகு ஏன் பாதியில விட்டாங்க?”

அவளிடம் அதற்கு விடை இல்லை. பதினொரு பேரும் குறிப்பேட்டைத் திறந்தபடி நின்றிருந்தனர்.