ஆடலும் படச்சுருளும்

விழா மலருக்குக் கட்டுரையொன்று தருமாறு மலர்க்குழுவினர் கேட்டபொழுது, எமது கல்லூரி மண்டபத்தில் யான் கண்ட ஓர் ஆடலே நினைவுக்கு வந்தது. அதனைக் கூறுமுன் ஒரு திரைப்படத்தைப் பற்றிச் சிறிது சொல்லவேண்டும்.

வங்கத்து நெறியாளர் சத்தியஜித் ராய், 1935இல் கல்கத்தாவில் பாலசரசுவதியின் பரதநாட்டியத்தைக் கண்டார். அப்பொழுது அவர் பதினான்கு வயதுச் சிறுவர். ஆடியவரோ அவரினும் மூன்று வயதே மூத்தவர். 1966இல் அவ்வாடலைப் படமாக்க எண்ணினார், கைகூடவில்லை. பத்தாண்டு கழித்து, 1976இலேதான் ‘பாலா’ என்னும் 33 நிமிட விவரணப்படம் உருவாயிற்று. அம்மையார் அப்பொழுது 58 வயதை எட்டியிருந்தார்.

தனியொருவர் ஆடலைப் படம்பிடித்தல் எளிதன்று. ஒருவரே தாயாகவும் சேயாகவும் மாறும் அபிநயத்திலே, கை செல்லும் வழியே கண்ணும் செல்லும். முகத்தை அண்மையிற் காட்டினாற் கை மறையும். முழு உருவையுங் காட்டினாற் கண்ணின் குறிப்பு மங்கும். அடிக்கடி வெட்டி ஒட்டினாலோ பாட்டோடு இழைந்த பாவம் அறுந்துபோம். கண்ணனை அழைக்கும் கன்னடப் பாடலொன்றை அம்மையார் கடற்கரையில் ஆடும்பொழுது, காற்றுச் சேலையை அலைக்கழிக்கின்றது. அதனைக் குறையென்பாரும் உளர். யானோ, காற்றையும் பொருட்படுத்தாது பிள்ளையை அழைக்கும் தாயையே கண்டேன்.

இனி என் கதை. யான் மேல்வகுப்பிற் பயின்றபொழுது, எமக்குக் கூத்துப் பழக்கவந்த முதிய அண்ணாவியார் ஒருவர், ஒத்திகை முடிந்தபின், மத்தளகாரர் மட்டும் உடனிருக்க, அரிச்சந்திரனின் மயான காண்டத்தைத் தனியே ஆடிக்காட்டினார். உடுப்பில்லை; ஒப்பனையில்லை; வேட்டியும் இடுப்பிற் கட்டிய சால்வையுமே. சிங்கப்பூரிலிருந்து மாமா கொண்டுவந்த சினிமாப் படக்கருவி என் கையில் இருந்தது. சுருளில் எஞ்சியிருந்தவை சில நிமிடங்களே.

“வாற வருஷம் உடுப்புக் கட்டி ஆடேக்கை எடுப்பம், ஐயா” என்றேன்.

“அப்பவும் கால் இருக்கவேணுமே, தம்பி” என்று சிரித்தார்.

மறு ஆண்டு அவர் இல்லை. எஞ்சிய சுருளில் இல்ல விளையாட்டுப் போட்டியின் ஓட்டமொன்றை எடுத்தேன். அது இன்றும் என்னிடம் உள்ளது. வென்றவர் பெயர் எனக்கு நினைவில்லை.

இளமை கடந்துவிட்டதென்று ராய் அவர்கள் வாளாவிருந்திருப்பின், 1984இல் அம்மையார் மறைந்தபின் இப்படம் எமக்குக் கிட்டியிராது. குறையுடைய பதிவேனும், இல்லாத பதிவினும் மேலானது என்பதை அவர் அறிந்திருந்தார். யான் பிந்தியே அறிந்தேன்.

மாணவத் தம்பிமாரே! இன்று உங்கள் ஒவ்வொருவர் சட்டைப்பையிலும் ஒரு படக்கருவி உண்டு. உங்கள் ஊரில் ஆடவும் பாடவும் வல்ல முதியோர் இன்னும் இருப்பர். உடுப்புக்கும் வெளிச்சத்துக்குமாகக் காத்திராதீர்கள். இவ்விடுமுறையிலேயே அவர்கள் வீட்டுப் படலையைத் திறந்து செல்லுங்கள்.