சிலை இல்லாத தளபதி



நான் இருக்கும் மேரிலாந்திலிருந்து கெட்டிஸ்பர்க் அதிக தூரமில்லை. அமெரிக்க உள்நாட்டுப் போரில் மிக அதிகமான ரத்தம் சிந்திய களம் அது. ஊரிலிருந்து யார் வந்தாலும் அங்கே அழைத்துப் போவது எங்கள் வழக்கம். வருகிறவர்கள் லிங்கனைப் பற்றிக் கேட்பார்கள். நானோ டேனியல் சிக்கிள்ஸ் என்ற வக்கீலின் கதையை ஆரம்பித்துவிடுவேன்.

சிக்கிள்ஸ் நியூயார்க்காரர். டாமனி ஹால் என்ற கட்சிக் குழுவின் அரசியலில் ஊறி வளர்ந்து, 1857-இல் காங்கிரஸ் உறுப்பினராகி வாஷிங்டனுக்கு வந்தார். அங்கே அவருடைய இளம் மனைவி தெரசாவுக்கும் அரசு வழக்கறிஞர் பிலிப் பார்ட்டன் கீ என்பவருக்கும் பழக்கம் என்று ஒரு மொட்டைக் கடிதம் வந்தது. (இன்று அமெரிக்காவின் தேசிய கீதமாக இருக்கும் பாட்டை எழுதியவரின் மகன்தான் இந்தக் கீ.) 1859 பிப்ரவரி 27, ஞாயிற்றுக்கிழமை. வெள்ளை மாளிகைக்கு எதிரே, பட்டப்பகலில், ஆயுதமில்லாத கீயைச் சிக்கிள்ஸ் சுட்டுக் கொன்றார். கீயின் கையில் இருந்தது நாடகம் பார்க்கும் கண்ணாடி. அதைத்தான் அவர் திருப்பி வீச முடிந்தது.

வழக்கில் சிக்கிள்ஸுக்காக ஒரு வக்கீல் பட்டாளமே வாதாடியது. பின்னால் லிங்கனின் போர் அமைச்சரான எட்வின் ஸ்டான்டனும் அதில் ஒருவர். சுட்ட நேரத்தில் மட்டும் அவருக்குப் புத்தி பேதலித்திருந்தது என்றார்கள். அந்த வாதம் அமெரிக்காவில் முதன்முதலாக வென்றது அங்கேதான் என்பார்கள். விடுதலை! வேடிக்கை என்னவென்றால், கொலை செய்தவரை மன்னித்த ஊர், அவர் மனைவியை மன்னித்துச் சேர்த்துக்கொண்டபோது கொதித்தெழுந்தது. சிக்கிள்ஸே வேலி தாண்டிப் பழகியவர் என்பதை யாரும் பெரிதுபடுத்தவில்லை. தெரசா 1867-இல், முப்பத்தொரு வயதில் இறந்தார்.

கெட்ட பெயரைக் கழுவப் போர் வசதியாக வந்தது. நியூயார்க்கில் ஆள் திரட்டி எக்செல்சியர் படையை அமைத்தார். ராணுவப் பள்ளி வாசலையே மிதிக்காதவர் தளபதியாகிவிட்டார். 1863 ஜூலை 2, கெட்டிஸ்பர்க். தலைமைத் தளபதி மீட் ஒரு மேட்டு வரிசையில் நிற்கச் சொன்னார். அதைவிட எதிரே இருந்த பீச் பழத் தோட்டம் உயரமாகத் தெரிந்ததால், சிக்கிள்ஸ் தன் பத்தாயிரம் பேரையும் உத்தரவில்லாமல் முன்னே நடத்திப் போனார். மாலைக்குள் நான்காயிரத்துக்கும் மேற்பட்டோர் இறந்தோ காயம்பட்டோ காணாமலோ போனார்கள். அவருடைய வலது காலும் பீரங்கிக் குண்டில் போயிற்று. வெட்டிய கால் எலும்பைச் சின்னச் சவப்பெட்டி போன்ற பெட்டியில் வைத்து, தன் வாழ்த்துடன் ராணுவ மருத்துவ அருங்காட்சியகத்துக்கு அனுப்பினார். பிறகு நண்பர்களோடு போய் அதைப் பார்த்தும் வருவாராம்! எலும்பு இன்று எங்கள் மாநிலத்தின் சில்வர் ஸ்பிரிங் ஊரில் இருக்கிறது.

கால் போனாலும் வாய் போகவில்லை. பின்வாங்கவிருந்த மீட்டைப் போரிட வைத்ததே தான்தான் என்று 1864-இல் காங்கிரஸ் குழுவின் முன் சாட்சி சொன்னார். மீட் 1872-இல் காலமானார். சிக்கிள்ஸோ 1914 வரை இருந்து அதையே வாதாடிக்கொண்டிருந்தார். எதிர்க்கட்சி வக்கீல் இல்லாத வழக்கில் யார்தான் ஜெயிக்கமாட்டார்கள்? அவர் முன்னேறியதால் எதிரியின் வேகம் குறைந்தது என்று சொல்லும் வரலாற்றாசிரியர்களும் உண்டு. நான் மீட்டின் பக்கம்.

ஸ்பெயின் தூதர் பதவி, 1897-இல் கிடைத்த வீரப் பதக்கம் எல்லாவற்றையும் விட்டுவிடுகிறேன். ஒன்றை மட்டும் விட முடியாது. மறுபடி காங்கிரஸுக்குப் போன சிக்கிள்ஸ் கொண்டுவந்த மசோதாதான் 1895-இல் சட்டமாகி, கெட்டிஸ்பர்க் களத்தைத் தேசியப் பூங்காவாக்கியது. இல்லாவிட்டால் இன்று நாம் அங்கே நடப்பது கடைகளுக்கும் வீட்டுமனைகளுக்கும் நடுவேதான். அவர் வாழ்க்கையில் நான் கைதட்டுவது இந்த ஒன்றுக்குத்தான்.

கடைசியில் கணக்கில் மாட்டினார். நியூயார்க் மாநில நினைவுச்சின்னக் குழுவுக்கு அவர் தலைவர். சுமார் 28,000 டாலர் குறைந்ததால் 1912-இல் நீக்கப்பட்டார். கெட்டிஸ்பர்க்கில் மீட்டுக்கும் வேறு பல தளபதிகளுக்கும் சிலை இருக்கிறது. எக்செல்சியர் படையின் நினைவுச்சின்னத்தில் சிக்கிள்ஸின் மார்பளவுச் சிலைக்கென்று விட்ட இடம் இன்றும் காலிதான்.