அப்படித்தான் இருக்கும்

முதல் முறை செய்தபோது மிக்ஸியில் முந்திரியை நிறுத்தாமல் ஓட்டிவிட்டேன். ஜார் சூடேறி, மாவாக வேண்டிய பருப்பு எண்ணெய் கக்கிக் களிமண் போல ஒட்டிக்கொண்டது. இரண்டாம் முறை மாவு சரியாக வந்தது. பழக்கதோஷத்தில் பூரிக்கட்டையால் தேய்க்கப் போனேன். வறண்ட ஏரி போல நாலாபக்கமும் வெடித்தது. மூன்றாம் முறைதான் பை உருப்படியாக வந்தது. அன்று தட்டில் மாவை அழுத்தியது என் கை இல்லை, அம்மாவின் கை.

பை செய்கிறோம் என்று என் மகள் சொன்னதும் அம்மா, "மஞ்சப்பையா?" என்று கேட்டாள். இங்கிலாந்திலும் அமெரிக்காவிலும் மைதாவையும் வெண்ணெயையும் பிசைந்து ஓடு மாதிரி ஒரு தட்டு செய்து, அதற்குள் ஆப்பிளோ பூசணியோ கறியோ வைத்துச் சுடுவார்கள், அதற்குப் பெயர் பை என்று விளக்கினோம். "சோமாசிய வாய மூடாம வெச்சா அதான்" என்று சொல்லிவிட்டாள். எங்கள் பையில் மைதா கிடையாது. கோதுமையிலிருந்து வரும் எதுவும் என் உடம்புக்கு ஆகாது. இதைக் கண்டுபிடிக்கப் பதினோரு வருடம் ஆனது.

அந்தப் பதினோரு வருடமும் எனக்கு ரத்தம் குறைவு. ஹீமோகுளோபின் எட்டைத் தாண்டாது. வகுப்பில் நின்றுகொண்டு பாடம் நடத்தும்போது கண் இருட்டும், கரும்பலகையைப் பிடித்துக்கொள்வேன். மூன்றாம் மாடி வகுப்புக்கு நடுவில் ஒருமுறை உட்கார்ந்துதான் போக வேண்டும். வயிறு எப்போதும் உப்பியிருக்கும். மருத்துவரிடம் போனால் கேள்விகள் ஒரே மாதிரி இருக்கும். மாதவிலக்கில் அதிகம் போகிறதா? சரியாகச் சாப்பிடுவதில்லையா? இளைக்க வேண்டும் என்று பட்டினி கிடக்கிறீர்களா? கடைசியில் இரும்புச்சத்து மாத்திரை எழுதித் தருவார்கள். விழுங்குவேன். மலம் கறுக்கும், ரத்தம் ஏறாது. "லேடீஸுக்கு அப்படித்தான் இருக்கும் மேடம்" என்றார் ஒருவர். வீட்டிலும் அதையேதான் சொன்னார்கள். நானும் நம்பினேன். பெண்ணுடல் பற்றிக் கவிதை எழுதுகிறவள், மாணவிகளுக்குப் பெண்ணியம் நடத்துகிறவள், என் உடம்பு சொன்னதை மட்டும் நான் கேட்கவில்லை.

நாற்பத்து மூன்றாவது வயதில், ரத்தம் குறைவதற்குக் கர்ப்பப்பைதான் காரணம், எடுத்துவிடலாம் என்றார்கள். எனக்கு மாதவிலக்கில் அளவுக்கு மீறிப் போனதே இல்லை. சொன்னேன். "இந்த வயசுல இனி அது எதுக்கு மேடம்?" என்று பதில் வந்தது. கல்லூரியில் விடுப்புக்கு எழுதிக் கொடுத்துவிட்டேன். அறுவைக்கு முந்தைய பரிசோதனையில், மயக்க மருந்து கொடுக்க வேண்டிய இளம் பெண் மருத்துவர் என் கோப்பை முதல் தாளிலிருந்து புரட்டினார். "இத்தனை வருஷமா மாத்திரை சாப்பிடறீங்க. ஏன் ஏறல?" என்று கேட்டார். யாரும் கேட்காத கேள்வி அது. வேறொரு மருத்துவருக்குச் சீட்டு எழுதிக் கொடுத்து, "இதைப் பார்க்காம நான் மயக்கம் கொடுக்க மாட்டேன்" என்றார்.

ரத்தத்தில் ஒரு எதிரணுப் பரிசோதனை. பிறகு எண்டோஸ்கோப்பி, சிறுகுடலிலிருந்து கிள்ளி எடுத்த சிறு துணுக்கு. சீலியாக் நோய் என்று முடிவு வந்தது. கோதுமை, பார்லி, ரை ஆகிய தானியங்களில் இருக்கும் குளூட்டன் என்னும் புரதத்தைக் கண்டால் இந்த உடம்பு தன் குடலையே தாக்கும். சிறுகுடலின் உட்சுவரில் சத்தை உறிஞ்சும் விரல் போன்ற நுண்முளைகள் தேய்ந்து மட்டமாகிவிடும். இரும்புச்சத்து உறிஞ்சப்படுவதும் சிறுகுடலின் தொடக்கத்தில்தான். நான் விழுங்கிய மாத்திரைகள் அந்த இடத்தைக் கடந்து போய்க்கொண்டே இருந்திருக்கின்றன. மருந்து கிடையாது, வாழ்நாள் முழுக்கக் கோதுமையை விடுவதுதான் மருந்து. இந்தியாவில் கோதுமை உண்ணும் வடக்கில்தான் இது அதிகம். நம் பக்கம் குறைவு என்பதால் மருத்துவர்களுக்குச் சட்டென்று நினைவுக்கு வருவதில்லை.

இந்த நோய்க்குக் கோதுமைதான் காரணம் என்று நிறுவியவர் நெதர்லாந்தின் குழந்தை மருத்துவர் வில்லெம் டிக்கே. இரண்டாம் உலகப் போரின் கடைசிக் குளிர்காலமான 1944-45இல் அங்கே கடும் பஞ்சம். ரொட்டி கிடைக்காத அந்த நாட்களில் இந்த நோயுள்ள குழந்தைகள் தேறினார்கள். ரொட்டி திரும்பியதும் மீண்டும் படுத்தார்கள். போருக்கு முன்பே, ரொட்டியை நிறுத்தினால் தன் பிள்ளைக்குத் தேவலை என்று ஒரு தாய் சொன்னதுதான் அவர் கவனத்தை அந்தப் பக்கம் திருப்பியது என்று எழுதியிருக்கிறார்கள். அந்தத் தாயின் பெயரை நான் எங்கும் பார்த்ததில்லை.

என் வீட்டில் இரவு உணவு சப்பாத்தி. கணவருக்குச் சர்க்கரை வந்ததிலிருந்து அப்படி. கல்லூரியிலிருந்து வந்து தினமும் பதினான்கு சப்பாத்தி தேய்ப்பேன். அதில் என் பங்கு இரண்டு. என்னைச் சாய்த்துக்கொண்டிருந்ததை நானே பிசைந்து, நானே தேய்த்து, நானே கடைசியாக உட்கார்ந்து சாப்பிட்டிருக்கிறேன்.

நோயின் பெயர் தெரிந்த பிறகு சமையலறை மாறியது. ரவை, சேமியா, மைதா போவது எளிது. ஒளிந்திருப்பவைதான் சிக்கல். கடையில் விற்கும் கூட்டுப் பெருங்காயத்தில் பெரும்பாலும் கோதுமை மாவு கலந்திருக்கும். அப்படியென்றால் சாம்பார், ரசம், ஊறுகாய் எல்லாமே சந்தேகம். கோதுமை மாவு பட்ட ஜாரில் என் மாவை அரைக்கக் கூடாது. தனி ஜார், தனிக் கல், தனிக் கரண்டி வாங்கினேன். "ஒரே வீட்ல தனிப் பாத்திரமா?" என்று அத்தை முகம் சுளித்தார். அவருக்கும் பத்தியச் சமையல் தெரியும். மாமாவுக்கு உப்பில்லாமல், பேரனுக்குக் காரமில்லாமல் தனித்தனியாகச் சமைத்தவர்தான். மருமகள் தனக்கென்று ஒரு சட்டி வைப்பதுதான் உறுத்தியது. எனக்குமே கூச்சமாக இருந்தது. அரிசி இருக்கிறதே, இட்லி இருக்கிறதே, பிறகென்ன என்று தின்பண்டங்களையெல்லாம் விட்டுவிட்டேன். ஓய்வறையில் யாராவது பிறந்தநாள் கேக்கை நீட்டினால் வயிறு சரியில்லை என்று சொல்லிப் பழகிக்கொண்டேன்.

என் நாற்பத்தாறாவது பிறந்தநாளுக்கு மகள் ஒரு செய்முறையைக் கொண்டுவந்தாள். 'எளிய பை ஓடு, ஐந்தே பொருட்கள்'. பாதாம் மாவில் செய்வது. பாதாம் விற்கிற விலைக்கு வேண்டாம் என்றேன். "ஆயாகிட்ட முந்திரி கேக்கலாம்" என்றாள்.

ஆயா, அதாவது என் அம்மா, பண்ருட்டிக்குப் பக்கத்தில் காடாம்புலியூர்ப் பக்கத்துக்காரி. முப்பது வருடத்துக்கு மேல் முந்திரிக்கொட்டை உடைத்தவள். கொட்டையின் ஓட்டுக்குள் ஓர் எண்ணெய் இருக்கிறது. தோலில் பட்டால் பொத்துப்போகும். வண்ணார் துணிக்குக் குறியிடும் சேராங்கொட்டையும் முந்திரியும் ஒரே குடும்பத்து மரங்கள். இரண்டுக்கும் அந்தக் குணம் உண்டு. ஓட்டிலிருந்து இறக்கும் அந்த எண்ணெய் பெயின்டுக்கும் வண்டிகளின் பிரேக்குக்கும் போகிறது. அம்மா கையில் விளக்கெண்ணெய் தடவிக்கொண்டு, சாம்பலைத் தொட்டுத் தொட்டு உடைப்பாள். கூலி எடைக்கணக்கில். முழுப்பருப்பு உடையாமல் வர வேண்டும், ஏனென்றால் முழுசுக்குத்தான் விலை. ஏற்றுமதியில் 320 என்று ஒரு ரகம் சொல்வார்கள். ஒரு பவுண்டுக்கு ஏறக்குறைய அத்தனை பருப்பு நிற்கும். எண் குறையக் குறையப் பருப்பு பெரிது, விலை பெரிது. எங்கள் வீட்டுக்கு வந்தது எப்போதாவது ஒரு கை உடைசல். முழு முந்திரியை நான் முதன்முதலில் தின்றது கல்லூரி விடுதியில், தோழி வீட்டிலிருந்து வந்த கேசரியில்.

2011 டிசம்பர் 30 அன்று தானே புயல் எங்கள் பக்கத்து முந்திரியையும் பலாவையும் வேரோடு சாய்த்தது. அதற்குப் பிறகு அம்மா உடைக்கப் போகவில்லை. கை மட்டும் அப்படியே இருக்கிறது. விரல்நுனிகள் வழவழவென்று, நகத்தடியில் கறுப்பு. ரேஷன் கடையில் கைரேகைக் கருவி வந்த பிறகு அவள் ரேகை விழுவதே இல்லை. துடைத்துத் துடைத்து வைப்பாள். ஒவ்வொரு மாதமும் வரிசை பின்னால் முணுமுணுக்கும். "கொட்ட ஒடச்ச கைன்னா அப்படித்தான் இருக்கும்" என்று அவளே சொல்லிச் சிரித்துவிடுவாள்.

பிறந்தநாளுக்கு இரண்டு நாள் முன்பு ஒரு கிலோ உடைசல் முந்திரியும் ஒரு பலாப்பழமுமாக வந்து இறங்கினாள். முதல் நாள் நான் இரண்டு முறை கெடுத்ததையும் பார்த்துக்கொண்டிருந்தாள்.

கோதுமை மாவைப் பிசைந்தால் குளூட்டன் வலை போல இழுபட்டு மாவைக் கட்டிப் பிடிக்கும். தேய்த்தால் விரியும். முந்திரி மாவில் அந்த வலை கிடையாது. அதில் பாதிக்குக் கொஞ்சம் குறைய எண்ணெய்தான். அதனால் தேய்க்க முடியாது, தட்டிலேயே வைத்து அழுத்த வேண்டும். இருநூறு கிராம் உடைசல் முந்திரியை அரை மணி நேரம் ஃப்ரீசரில் வைத்து, மிக்ஸியை விட்டு விட்டு ஓட்டி ரவை பதத்தில் எடுத்தோம். இரண்டு மேசைக்கரண்டி நாட்டுச்சர்க்கரை, ஒரு சிட்டிகை உப்பு, மூன்று மேசைக்கரண்டி உருக்கிய நெய், ஒரு முட்டையின் வெள்ளைக்கரு. பிடித்தால் கொழுக்கட்டை போல நிற்க வேண்டும். அவ்வளவுதான்.

"தள்ளு பாப்பா" என்று அம்மா தட்டை வாங்கினாள். ஒன்பது அங்குலத் தட்டு. நடுவிலிருந்து விளிம்புக்கு, விரல்நுனியால் அழுத்திக்கொண்டே போனாள். உடையக் கூடாத பருப்பை உடையாமல் எடுத்த விரல்களுக்கு எங்கே எவ்வளவு அழுத்த வேண்டும் என்று யாரும் சொல்லித் தர வேண்டியிருக்கவில்லை. விளிம்பை ஒரே கனத்தில் ஏற்றினாள். முள்கரண்டியால் அங்கங்கே குத்திவிட்டு, 175 டிகிரியில் பதினைந்து நிமிடம் ஓடிஜியில் வைத்தோம். வெளியே எடுத்தபோது பொன்னிறம். சூட்டில் தொட்டால் உதிரும். முழுக்க ஆறிய பிறகுதான் இறுகும். அந்த ஒரு மணி நேரத்தில் பலாச்சுளையை வெல்லமும் கெட்டித் தேங்காய்ப்பாலும் விட்டுச் சுருளக் கிண்டினோம். ஓட்டுக்குள் நிரப்பி, வெட்டினோம்.

எனக்காகவே செய்த ஒரு பண்டத்தை முதல் ஆளாக நான் தின்றது அன்றுதான். அத்தையும் இரண்டு துண்டு கேட்டு வாங்கிச் சாப்பிட்டார்.

அம்மா ஒரு வாய் தின்றுவிட்டு, "இம்மாம் பருப்ப நான் ஒரே நேரத்துல தின்னதில்ல" என்றாள். அப்போதுதான் அவள் முகத்தைச் சரியாகப் பார்த்தேன். கண்ணிமைக்கு உள்பக்கம் வெளுத்திருந்தது. படி ஏறினால் மூச்சு வாங்குவதை இத்தனை வருடமும் வயசு என்றே நினைத்திருந்தேன். சீலியாக் குடும்பத்தில் தொடரக்கூடியது. ஒருவருக்கு இருந்தால் பெற்றோர், பிள்ளைகள், உடன்பிறந்தவர்களும் பார்த்துக்கொள்ள வேண்டும். மகளுக்குப் பார்த்தாயிற்று, இல்லை. அம்மாவுக்குப் பார்க்க மூன்று வருடமாக எனக்குத் தோன்றவில்லை. "எனக்கெதுக்கு, ரத்தம் கம்மின்னா எங்கம்மாவுக்கும் அப்படித்தான்" என்றாள். மகள் விடவில்லை.

அம்மாவுக்குச் சீலியாக் இல்லை. ரத்தம் மட்டும் என்னுடையதைவிடக் குறைவாக இருந்தது. என்ன காரணம் என்று மருத்துவர் கேட்க, என்ன சாப்பிடுவாள், எப்போது சாப்பிடுவாள் என்று நான் சொல்லச் சொல்ல, எனக்கே குரல் இறங்கியது. பழைய சோறு, மிச்சக் குழம்பு, எல்லோரும் எழுந்த பிறகு. அவளுக்கும் அதே இரும்புச்சத்து மாத்திரைதான் எழுதினார்கள். எனக்குப் பதினோரு வருடம் ஏறாத ரத்தம் அவளுக்கு மூன்று மாதத்தில் ஏறியது. அத்தனை சின்ன வைத்தியம். இத்தனை வருடத்தில் யாராவது ஒருவர் ஏன் என்று கேட்டிருந்தால் போதும். அந்த ஒருவர் நானாக இருந்திருக்கலாம்.

போன மாதம் தொலைபேசியில் பேசும்போது, "படி ஏறுனா மூச்சு வாங்கல பாப்பா" என்றாள். பிறகு, பலா சீசன் முடிஞ்சிடுச்சே, அந்தப் பையில் வேற என்ன வைக்கலாம் என்று கேட்டாள். பூசணி வைப்பார்கள் என்றேன். "அப்ப ரெண்டாப் போடு. ஒண்ணு எனக்கு" என்றாள்.