"கண்ண மூடிக்கிட்டு வாங்கு"ன்னு சொன்னோம்



வழக்கமா இந்தப் பக்கத்துல கோயில் வேலை, அன்னதானம், கூட்டுப்பணி அறிவிப்பு இதெல்லாம்தான் போடுவோம். இன்னிக்கு ஒரு காடி கதை. கொஞ்சம் நீளம்தான். புதுசோ பழசோ காடி வாங்கப் போறவங்க பொறுமையா கடைசி வரைக்கும் படிங்க. இதை எழுதச் சொல்லி எங்களுக்கு ஒரு கடன் இருக்கு. அது என்ன கடன்னு போகப் போகத் தெரியும்.

தொண்டு செய்யறவங்களுக்குத் தெரியும், வெள்ளிக்கிழமை சாயங்காலம் ஆனா பூஜைக்குப் புது காடி வந்து நிக்கும். நாலு டயருக்கு அடியிலும் எலுமிச்சம்பழம், முன்னால மாலை, கண்ணாடியில சந்தனப் பொட்டு. முன்னெல்லாம் வந்தது முக்கால்வாசி செடான். இப்ப வர்றது அந்தக் குட்டி எஸ்யூவி. காம்பாக்ட் குரோஸ்ஓவர்னு சொல்றாங்க. நம்ம நாட்டுல 2015-ல ஹோண்டா எச்ஆர்-வி வந்தது. 2020 அக்டோபர்ல புரோட்டான் எக்ஸ்50, 2021 மார்ச்ல பெரோடுவா அத்திவா. அப்புறம் ஒவ்வொரு கம்பெனியும் ஒண்ணு இறக்கிட்டான். எந்தத் தாமானுக்குப் போனாலும் வாசலுக்கு வாசல் நிக்குது.

எங்க வீட்டுலயும் அந்த இனத்துல ஒண்ணு இருக்கு. எந்தக் கம்பெனின்னு கேக்காதீங்க, சொல்ல மாட்டோம். கம்பெனியத் திட்டறதுக்காக இதை எழுதல.

2021-ல அரசாங்கம் காடி விற்பனை வரியத் தள்ளுபடி பண்ணியிருந்த நேரம். இப்ப விட்டா கிடைக்காதுன்னு நாங்களும் புக் பண்ணிட்டோம். எல்லாரையும் போல 9 வருஷ லோன். அந்தக் கணக்கை அன்னிக்கு யாரும் எங்களுக்கு உக்காந்து போட்டுக் காட்டல, நீங்க போட்டுப் பாருங்க. 80,000 வெள்ளி கடன், வருஷத்துக்கு 3 விழுக்காடு, 9 வருஷம். வட்டி மட்டும் 21,600 வெள்ளி. மாசம் 941 வெள்ளி கிட்ட வரும். வாரண்டி எத்தனை வருஷம்? பெரும்பாலும் 5. அதாவது கடைசி 4 வருஷம், காடிக்கு என்ன ஆனாலும் நம்ம தலையில. ஆனா மாசாமாசம் பணம் மட்டும் கட்டிக்கிட்டே இருக்கணும்.

சரி, காடி எப்படி? நேர்மையா சொல்றோம், நல்ல காடி. சீட் உயரமா இருக்கறதால முட்டி வலி உள்ள அம்மா குனியாம ஏறி இறங்குறாங்க. பின் சீட்டை மடக்கினா அன்னதானத்துக்குப் பெரிய அண்டா ரெண்டு, அரிசி மூட்டை எல்லாம் போயிடும். இந்த அஞ்சு வருஷத்துல 110,000 கிலோமீட்டர் ஓடியிருக்கு. ஒரு நாளும் நடுரோட்டுல நிக்க வச்சதில்ல. பேட்டரி ரெண்டு தடவை மாத்தினோம். நம்ம வெயிலுக்கு அது சகஜம். டயர் ரெண்டு செட். ஒரு தடவை முன் பக்கம் 'கடக் கடக்'னு சத்தம், பார்த்தா லோவர் ஆர்ம் புஷ் தேஞ்சு போச்சு. அவ்வளவுதான்.

இதை வச்சுத்தான் நாங்க வாய விட்டோம்.

எங்களோட தொண்டு செய்யற தம்பி ஒருத்தன். வயசு முப்பதுக்குள்ள. விடியக்காலைல பூ எடுக்கப் போகணும்னா முதல் ஆளா நிப்பான். 2023-ல கல்யாணம் ஆச்சு. மோட்டார்ல மனைவிய ஏத்திக்கிட்டு மழையில போறது கஷ்டமா இருக்குன்னு காடி பார்த்துக்கிட்டு இருந்தான். ஒரு நாள் பாத்திரம் எல்லாம் கழுவி முடிச்சு, பார்க்கிங்ல நின்னு பேசிக்கிட்டு இருக்கும்போது கேட்டான்.

"அண்ணே, அண்ணி, உங்க காடி எப்படி? அதே மாடல் 2019 ஒண்ணு செகண்ட்ஹேண்ட் கடையில இருக்கு. மீட்டர்ல 62,000தான் ஓடியிருக்கு."

நாங்க ரெண்டு பேரும் ஒரே குரல்ல சொன்னோம்: "கண்ண மூடிக்கிட்டு வாங்கு தம்பி!"

வாங்கிட்டான். பூஜைக்கும் வந்தான். எலுமிச்சம்பழத்தை டயருக்கு அடியில வச்சதே நாங்கதான்.

போன வருஷம் நடுவுல, தம்பி வர்றது குறைஞ்சது. வந்தாலும் மோட்டார்ல வந்தான். நாங்க என்ன நினைச்சோம்? மனைவி மாசமா இருக்கு, வேலை இருக்கும்னு நினைச்சோம். கேக்கல. அவனும் சொல்லல. வேற ஒரு அக்காதான் பேச்சுவாக்குல சொன்னாங்க: "அவன் காடி ரெண்டு மாசமா வீட்டு வாசல்ல கேன்வாஸ் போட்டு மூடிக் கிடக்குது."

அன்னிக்கு ராத்திரியே அவன் வீட்டுக்குப் போனோம். காடி நிஜமாவே மூடிக் கிடந்தது. சிவிடி கியர்பாக்ஸ். மெதுவா ஏறும்போது உதறல், மேட்டுல இழுவை இல்ல, ஆர்பிஎம் மட்டும் ஏறுது. சர்வீஸ் சென்டர்ல கியர்பாக்ஸ் மாத்தணும்னு பத்தாயிரம் வெள்ளிக்கு மேல சொல்லிட்டாங்க. வாரண்டி காடி முதல்ல பதிஞ்ச நாளுல இருந்து கணக்கு, அவன் வாங்கின நாளுல இருந்து இல்ல. 2019 காடிக்கு 2024-லயே முடிஞ்சு போச்சு. மாசம் லோன் மட்டும் போய்க்கிட்டு இருக்கு. மனைவிய செக்கப்புக்குக் கிராப்ல கூட்டிட்டுப் போறான்.

"ஏன்டா எங்ககிட்ட சொல்லல?"ன்னு கேட்டோம்.

கொஞ்ச நேரம் பேசாம இருந்தான். "நீங்க நல்ல மனசோடதானே சொன்னீங்க அண்ணே. சொன்னா நீங்க சங்கடப்படுவீங்க."

உறவுகளே, அவன் எங்களத் திட்டியிருந்தா இவ்வளவு வலிச்சிருக்காது.

அடுத்த வாரம் நாங்க வழக்கமா நம்புற ஒரு ஃபோர்மன் கிட்ட காடிய இழுத்துட்டுப் போனோம். வயசான சீன அங்கிள், இருபது வருஷமா கியர்பாக்ஸ் வேலைதான் பாக்கறார். பேன கழட்டிக் காட்டினார். எண்ணெய் கறுப்பா, கருகின வாசனையோட இருந்தது. உள்ள இருக்கற காந்தத்துல இரும்புத் தூள் சேறு மாதிரி அப்பியிருந்தது. அவர் மலாய்ல விளக்கினதை எங்க பாஷையில சொல்றோம்.

சாதாரண கியர்பாக்ஸ்ல பல்சக்கரம் இருக்கும். சிவிடில கியர் மாத்தறதுக்கு அப்படி ஒண்ணும் கிடையாது. ரெண்டு கூம்பு மாதிரி புல்லி, நடுவுல ஒரு இரும்பு பெல்ட். புல்லி விரிஞ்சு சுருங்கறதுலதான் கியர் மாறுது. பெல்ட் வழுக்காம இறுக்கிப் பிடிக்கறது எண்ணெயோட அழுத்தம். அதே எண்ணெய்தான் சூட்டையும் தணிக்கணும். ஜேம்ல நின்னு நின்னு போற ஊர்ல எண்ணெய் சீக்கிரம் கெட்டுப் போகும். கெட்டா பிடி தளரும், பெல்ட் வழுக்கும், புல்லியில கோடு விழும். கோடு விழுந்த பிறகு எண்ணெய் மாத்தி என்ன பிரயோஜனம்?

"இந்தக் காடிக்கு ஒரு தடவையும் கியர் எண்ணெய் மாத்தல"ன்னு சொன்னார். அப்பத்தான் எங்களுக்குச் சுரீர்னு ஒண்ணு உறைச்சது.

எங்க காடிக்கு 40,000-ல ஒரு தடவை, 80,000-ல ஒரு தடவை மாத்தியிருக்கோம். முதல் தடவை சர்வீஸ் சென்டர்ல விலை சொன்னப்ப எங்க ரெண்டு பேர்ல ஒருத்தர் "இது தேவையே இல்ல, பணம் பறிக்கறாங்க"ன்னு சண்டை போட்டதும், இன்னொருத்தர் "பரவால்ல, மாத்துங்க"ன்னு சொன்னதும் நல்லா ஞாபகம் இருக்கு. யார் யார்னு கேக்காதீங்க. எங்க காடி நல்லா ஓடினதுக்குப் பாதி காரணம் அந்த எண்ணெய்தான். தம்பிக்கு நாங்க காடி நல்ல காடின்னு சொன்னோம். அது நல்லா ஓடறதுக்கு நாங்க என்ன செலவு பண்ணினோம்னு சொல்லவே இல்ல. அவன் வாங்கின காடிக்கு முன்னால இருந்த ஆள் என்ன பண்ணினான்னு கேக்கச் சொல்லவும் இல்ல.

கடைசியில ஃபோர்மன் ஒரு ஹாஃப்கட் கியர்பாக்ஸ் தேடிப் போட்டார். கூலியோட சேர்த்து சர்வீஸ் சென்டர் சொன்னதுல பாதிக்கும் கீழ. இது புதுசு இல்ல, எவ்வளவு நாள் வரும்னு உத்தரவாதம் தர முடியாதுன்னு அவரே முன்கூட்டிச் சொல்லிட்டார். பாதிப் பணம் நாங்க தர்றோம்னு சொன்னோம். தம்பி வாங்க மாட்டேன்னுட்டான். திரும்பத் திரும்ப வற்புறுத்தினதும் ஒண்ணு சொன்னான்:

"காசு வேணாம் அண்ணே. அடுத்த தடவை யாராச்சும் கேட்டா, எனக்குச் சொன்ன மாதிரி சொல்லாதீங்க. அது போதும்."

அந்தக் கடன்தான் இந்தப் பதிவு. அன்னிக்குப் பார்க்கிங்ல நாங்க சொல்லியிருக்க வேண்டியது இதுதான்:

1. சர்வீஸ் புக் இல்லாத காடி, எவ்வளவு பளபளப்பா இருந்தாலும் வேணாம். மீட்டர் நம்பரை மாத்த முடியும். சர்வீஸ் சென்டர்ல பதிவான கணக்கை மாத்தறது கஷ்டம். பதிவு நம்பர வச்சுக் கேட்டுப் பாருங்க, காடிக்காரரையும் கூட வச்சுக்கிட்டு.

2. சிவிடியா இருந்தா கியர் எண்ணெய் எப்ப மாத்தினாங்கன்னு முதல் கேள்வியா கேளுங்க. "வாழ்நாள் எண்ணெய், மாத்தவே வேணாம்"னு யாராச்சும் சொன்னா நம்பாதீங்க. மேனுவல்ல கடினமான ஓட்டம்னு ஒரு பகுதி இருக்கும். ஜேம், சூடு, குறைந்த தூரம், மேடு. நம்ம ஓட்டம் எல்லாமே அதுக்குள்ளதான் வரும். மாத்தும்போது அந்தக் கியர்பாக்ஸுக்குன்னு சொன்ன சிவிடி எண்ணெய் மட்டும் ஊத்தணும். சாதாரண ஆட்டோ கியர் எண்ணெய் ஊத்தினா கதை முடிஞ்சது.

3. ஓட்டிப் பார்க்கும்போது கடை வாசல்ல ஒரு ரவுண்டு போதாது. அரை மணி நேரம் ஓட்டுங்க. எஞ்சின் சூடான பிறகு மெதுவா மேடு ஏத்துங்க. உதறுதான்னு பாருங்க. ஏர்கோனை நிறுத்தி, ரேடியோவ நிறுத்தி, காதால கேளுங்க.

4. வெள்ளத்துல முங்கின காடியான்னு பாருங்க. 2021 டிசம்பர்ல ஷா ஆலாம், கிள்ளான் பக்கம் எத்தனை காடி தண்ணிக்குள்ள போச்சுன்னு நமக்குத் தெரியும். அதெல்லாம் எங்க போச்சு? சீட் பெல்ட்டைக் கடைசி வரைக்கும் இழுத்துப் பாருங்க, சேத்துக் கோடு இருக்கும். கார்ப்பெட்டத் தூக்கி, சீட்டுக்கு அடியில துரு இருக்கான்னு பாருங்க. வாசனைத் திரவியம் ரொம்ப அடிச்சிருந்தா சந்தேகப்படுங்க. இன்னொண்ணு: முழுக் காப்புறுதி எடுத்தாலே வெள்ளத்துக்கும் சேர்ந்து வரும்னு நினைக்காதீங்க. பெரும்பாலும் அதைத் தனியா சேர்த்து எடுக்கணும்.

5. டயர்ல நாலு இலக்கம் இருக்கும். 2321னு இருந்தா 2021-ஆம் வருஷம் 23-ஆவது வாரம் செஞ்சதுன்னு அர்த்தம். பூ தேயலன்னாலும் ரப்பர் பழசாகும்.

6. பெயர் மாத்தற பரிசோதனையில பாஸ் ஆனா காடி நல்லா இருக்குன்னு அர்த்தம் இல்ல. யாரும் அங்க கியர்பாக்ஸைத் திறந்து பாக்கறதில்ல. நூறு இருநூறு வெள்ளி போனா போகுது, உங்களுக்குத் தெரிஞ்ச ஃபோர்மனைக் கூட்டிட்டுப் போங்க. கடைக்காரன் காட்டற ஃபோர்மன் வேணாம்.

7. வாரண்டி முடியற நாளுக்கும் லோன் முடியற நாளுக்கும் நடுவுல எத்தனை வருஷம்னு காகிதத்துல எழுதுங்க. அந்த வருஷங்களுக்கு மாசம் நூறோ நூத்தம்பதோ தனியா எடுத்து வைங்க. வைக்க முடியலன்னா, அந்தக் காடி நமக்குக் கொஞ்சம் பெரிசு. சின்னதா பாருங்க. அதுல வெக்கம் ஒண்ணும் இல்ல.

எங்க காடிக்கும் இந்த வருஷத்தோட வாரண்டி முடியுது. விக்கலாமா வச்சுக்கலாமான்னு ஒரு மாசம் பேசினோம். வச்சுக்கறதுன்னு முடிவு. ஆனா இப்ப அலமாரியில ஒரு டப்பா இருக்கு, மேல 'கியர்பாக்ஸ்'னு எழுதி ஒட்டியிருக்கோம். மாசாமாசம் அதுக்குள்ள பணம் போகுது. பார்த்துச் சிரிக்கறவங்க சிரிக்கட்டும்.

தம்பிக்குப் பொண்ணு பொறந்து மூணு மாசம் ஆச்சு. போன வாரம் அந்தக் காடியிலதான் குழந்தைய முதல் தடவையா கோயிலுக்குக் கூட்டிட்டு வந்தான். காடி உதறல. நாங்கதான் அவன் பார்க்கிங்ல திருப்பி நிறுத்தற வரைக்கும் காதைத் தீட்டிக்கிட்டு நின்னோம்.

அன்னிக்கே இன்னொரு குடும்பம், செகண்ட்ஹேண்ட் வாங்கப் போறாங்களாம். "உங்க காடி எப்படிண்ணே? நல்லா இருக்கா?"ன்னு கேட்டாங்க. நாங்க வாயத் திறக்கறதுக்கு முன்ன தம்பி பக்கத்துல இருந்து எங்களையே பார்த்தான்.

"நல்லா இருக்குங்க"ன்னு சொன்னோம். "ஆனா நீங்க பாக்கற காடிக்கு சர்வீஸ் புக் இருக்கா?"

தம்பி சிரிச்சான்.

காடி வாங்கப் போறவங்க யாராச்சும் உங்களுக்குத் தெரிஞ்சா இதைப் பகிருங்க. உங்க காடி அனுபவத்தையும் கீழ எழுதுங்க. நல்லதும் எழுதுங்க, செலவையும் சேர்த்து எழுதுங்க. பத்திரமா ஓட்டுங்க.