வெண்ணெய் பிஸ்கட்

பெங்களூருத் தெருக்களில் அடுமனைகள் மிகுதி. அங்கே கன்னடர் கேட்பது ‘பெண்ணெ பிஸ்கட்’. தமிழர் கேட்பது ‘வெண்ணெய் பிஸ்கட்’. பெண்ணெ, வெண்ணெய் இரண்டும் ஒரே வேரில் பிறந்த சொற்கள்.

இதனை வீட்டிலும் செய்யலாம். பொடித்த சர்க்கரை 50 கிராம், வெண்ணெய் 100 கிராம், மைதா 150 கிராம் போதும்; முட்டை வேண்டா. ஒன்று, இரண்டு, மூன்று என்னும் இவ்வளவு ஸ்காட்லாந்து நாட்டாரின் பழைய வழக்கமாகும்.

ஆடுகோடியில் ஒரு வீட்டில், சிறுமி ஒருத்தி மாவைச் சப்பாத்திக்குப் போல அழுத்திப் பிசைந்தாள்.

“பிசையாதே கண்ணு, பிசறு” என்றார் பாட்டி.

சிறுமிக்கு அச்சொல் விளங்கவில்லை.

“புட்டு மாவைப் போல, விரல் நுனியால்” என்று பாட்டி செய்து காட்டினார்.

மாவை மிகுதியாகப் பிசைந்தால் அதிலுள்ள புரதம் பசையாக இறுகும், பிஸ்கட் கடினமாகும். பிசறினால் வெண்ணெய் மாத்துகள்களைப் போர்த்தி அவ்விறுக்கத்தைத் தடுக்கும். பின்னர் மாவை மெல்லச் சேர்த்து, தட்டி, வில்லைகளாக வெட்டி, 160 டிகிரி செல்சியசு வெப்பத்தில் ஓரம் பொன்னிறமாகும் வரை சுடவேண்டும். ஆறியபின் உண்டால் வாயில் கரையும்.

கிளறுதல், குழைத்தல், பிசைதல், பிசறுதல் ஆகிய ஒவ்வொரு சொல்லும் கைக்கு ஒரு தனித்தொழிலைக் கற்பிக்கிறது. எல்லாவற்றையும் ‘கலத்தல்’ என்றே சொல்லிப் பழகினால், சொல்லோடு கைப்பக்குவமும் மறையும். இச்சொற்கள் வாழுமிடம் வீட்டுச் சமையலறையே.