மூன்று வாளிக் கணக்கு

போன வாரம் பேத்தி ஒரு சந்தேகத்தோடு வந்தாள். கெமிக்கல் இன்ஜினியரிங் மூன்றாம் ஆண்டு படிக்கிறாள். "தாத்தா, ஒரு பெரிய ரியாக்டருக்குப் பதிலா வரிசையா மூணு சின்னது வெச்சா, மொத்தக் கொள்ளளவு எப்படி இவ்ளோ குறையுது?" கையில் லெவன்ஸ்பீல் புத்தகம். 1962இல் முதலில் வந்தது; நானும் அதில்தான் படித்தேன்.

துணி அலசுவதைச் சொன்னேன். ஒரு அண்டாத் தண்ணீரில் ஒரே தடவை அலசுவதைவிட, அதே தண்ணீரை மூன்று வாளியாகப் பிரித்து மூன்று தடவை அலசினால் சோப்பு நன்றாகப் போகும். ரியாக்டரும் அப்படித்தான். கலக்கிக்கொண்டே இருக்கும் தொட்டியில் எங்கும் ஒரே செறிவு. வெளியே போவதும் அதே செறிவு. 90 சதவீதம் வினை முடிய வேண்டுமானால், தொட்டி முழுவதும் மிச்சமிருக்கும் 10 சதவீதச் செறிவில்தான் வேலை நடக்கும். முதல்படி வினை என்றால் வேகமும் பத்தில் ஒரு பங்குதான். மூன்றாகப் பிரித்தால் முன்னால் இருக்கும் தொட்டிகளில் செறிவு அதிகம், வேகமும் அதிகம்.

மணிக்கு 1,000 லிட்டர் ஓட்டம், வினையின் வேக மாறிலி மணிக்கு 1 என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒரே தொட்டி என்றால் 9,000 லிட்டர் வேண்டும். சம அளவில் இரண்டு என்றால் மொத்தம் சுமார் 4,320. மூன்று என்றால் 3,460. நான்காவதைச் சேர்த்தால் 3,110. மிச்சமாவது கொஞ்சம், ஆனால் இன்னொரு மோட்டார், இன்னொரு சீல், இன்னொரு தலைவலி. ஆகவே மூன்றோடு நிறுத்திக்கொள்ளலாம்.

பேத்திக்குப் புரிந்துவிட்டது. எனக்குத்தான் பழைய ஞாபகம் வந்தது.

1979. வட சென்னைப் பக்கம் ஒரு தொழிற்சாலை. அரித்துப்போன பெரிய ரியாக்டரை மாற்ற வேண்டும். ஏறக்குறைய இதே எண்களைப் போட்டு, 1,200 லிட்டரில் மூன்று போதும் என்று நான் எழுதிக் கொடுத்தேன். மேனேஜர் முதுகில் தட்டினார்.

மூன்றையும் பொருத்தியதும், மூத்த ஆபரேட்டர் ஒருவர் முதல் வெசலைச் சுற்றிவந்து பார்த்தார். "சார், புதுச் சரக்கு விழுற இடத்துலதான் சூடு ஏறும். ஜாக்கெட்டு சின்னதா இருக்கே, தாங்குமா?"

"கணக்கெல்லாம் பாத்தாச்சுண்ணே" என்றேன். கொள்ளளவுக்கு மட்டும்தான் பார்த்திருந்தேன்.

ஓடத் தொடங்கிய இரண்டாம் நாள் இரவு, முதல் வெசலில் 60 டிகிரியில் நிற்க வேண்டியது 80ஐத் தாண்டியது. யாரையும் கேட்காமல் அவர் ஃபீடை நிறுத்தி, தண்ணீரை முழுக்கத் திறந்துவிட்டார். ஒருவருக்கும் ஒன்றும் ஆகவில்லை. சரக்குதான் வீண்.

காலையில் விசாரணை. அனுமதியில்லாமல் பிளாண்ட்டை நிறுத்தினார் என்று அவருக்கு மெமோ. நானும் அந்த அறையில்தான் இருந்தேன். வாய் திறக்கவில்லை.

அன்று இரவு உட்கார்ந்து வெப்பக் கணக்கைப் போட்டேன். அரைப் பக்கம்கூட வரவில்லை. மொத்த வெப்பத்தில் 60 சதவீதம் முதல் வெசலிலேயே வெளியாகிறது. அதன் ஜாக்கெட் பரப்போ பழைய ரியாக்டரில் கால் பங்குதான். கொள்ளளவு குறைந்த அளவுக்குப் பரப்பு குறையாது என்றாலும், இந்தச் சூட்டுக்கு அது எந்த மூலைக்கு?

மறுநாள் அந்தத் தாளை மேனேஜரிடம் கொடுத்து, தவறு என்னுடையது என்றேன். மெமோவைத் திரும்ப வாங்கிக்கொண்டார்கள். முதல் வெசலுக்கு மட்டும் வெளியே ஒரு பம்ப்பும் ஹீட் எக்ஸ்சேஞ்சரும் வைத்தோம். பிறகு தொந்தரவில்லை.

அவரிடம் போய் மன்னிப்புக் கேட்டேன். "விடுங்க சார். அடுத்த தடவை ஜாக்கெட்டையும் பாத்துட்டுக் கணக்குப் போடுங்க" என்றார். கோபமே இல்லை. ஆனால் அந்த ஓர் இரவு, சட்டைப்பையில் மெமோவோடு அவர் வீட்டுக்குப் போனாரே, அதை என்னால் திரும்ப வாங்க முடியவில்லை.

பேத்தி விடையை எழுதி முடித்து நீட்டினாள். கொள்ளளவு சரியாக இருந்தது.

"முதல் ரியாக்டர்ல எவ்வளவு சூடு வரும்?" என்று கேட்டேன்.

"கேள்வியில அதைக் கேக்கலையே தாத்தா!"

"தெரியும். நான் கேக்கறேன். போடு."